வாரன் மூன்: 70,553 என்ற எண்ணை எப்படிப் படிப்பது?

சேந்தன் (இழையைத் தொடங்கியவர்)

அமெரிக்கக் கால்பந்தில் வாரன் மூனைப் பற்றி எங்கே பேச்சு எழுந்தாலும் 70,553 என்ற எண் தவறாமல் வந்துவிடுகிறது. பந்தை எறிந்து தாக்குதலை நடத்தும் குவாட்டர்பேக்காக அவர் தம் வாழ்நாளில் எறிந்து சேர்த்த கெஜங்களின் கூட்டுத்தொகை அது. பிரித்துப் பார்த்தால், 49,325 கெஜங்கள் 1984 முதல் 2000 வரை அமெரிக்காவின் தொழில்முறை லீகான என்எஃப்எல்-இல் சேர்ந்தவை. மீதி 21,228 கெஜங்கள் அதற்கு முன்பு, 1978 முதல் 1983 வரை, கனடாவின் லீகான சிஎஃப்எல்-இல் எட்மன்டன் அணிக்காகச் சேர்ந்தவை. இந்த இரண்டையும் கூட்டுவது முறையா என்பதே என் ஐயம்.

முறையல்ல என்றே எனக்குத் தோன்றுகிறது. கனடாவில் ஆடப்படுவது கிட்டத்தட்ட வேறோர் ஆட்டம். அங்கே ஓர் அணிக்கு 12 பேர். மைதானத்தின் நீளம் 110 கெஜம், அகலம் 65 கெஜம். பத்து கெஜம் முன்னேற மூன்றே டவுன்கள், அதாவது முயற்சிகள். அமெரிக்காவில் 11 பேர், 100 கெஜம், 53 கெஜத்துக்குச் சற்றே மிகுந்த அகலம், நான்கு டவுன்கள். ரஞ்சிக் கோப்பையில் எடுத்த ஓட்டங்களை டெஸ்ட் ஓட்டங்களோடு கூட்டி எவரையேனும் மதிப்பிடுகிறோமா? மூனின் திறமையை நான் குறைத்துச் சொல்லவில்லை. அவரை அளக்கப் பிடித்திருக்கும் கோல் சரியில்லை என்கிறேன்.

பனிவயல் (எட்மன்டன்)

கிரிக்கெட் உவமை உங்களுக்கே எதிராகத் திரும்பும், நண்பரே. முதல்தர ஆட்டக் கணக்கில் டெஸ்ட் ஓட்டங்களும் ரஞ்சி ஓட்டங்களும் சேர்ந்துதான் வருகின்றன. அதை யாரும் குற்றமாகச் சொல்வதில்லை.

அது இருக்கட்டும். அவர் ஏன் கனடாவில் ஆடினார் என்பதைச் சொல்லாமல் அங்கே எடுத்த கெஜங்களைத் தள்ளுவதா கொள்ளுவதா என்று பேசத் தொடங்குவது, கதையின் நடுவிலிருந்து படிப்பதைப் போன்றது. மூன் 1956 நவம்பரில் லாஸ் ஏஞ்சலிஸில் பிறந்தவர். ஏழு வயதில் தந்தையை இழந்தார். தாய் செவிலியர்; உடன்பிறந்தவர்கள் ஆறு பேரும் பெண்கள். வீட்டுக்குப் பொருளீட்ட வேண்டியிருந்ததால், பள்ளியில் ஒரே ஒரு விளையாட்டைத்தான் தேர்ந்துகொள்ள முடியும் என்று முடிவு செய்து, கால்பந்தை எடுத்துக்கொண்டார். பள்ளி முடிந்ததும் அவரை அழைத்த கல்லூரிகள் சில, குவாட்டர்பேக்காக அல்லாமல் வேறு நிலையில் ஆடச் சம்மதித்தால் வரலாம் என்றன. கறுப்பின மாணவன் குவாட்டர்பேக்காக ஆடுவதை அன்றைய பயிற்சியாளர்கள் பலர் விரும்பவில்லை என்பதே அதன் பொருள். அவர் அதற்கு இணங்காமல், உள்ளூர்க் கல்லூரி ஒன்றில் ஓராண்டு ஆடிவிட்டு, டான் ஜேம்ஸ் பயிற்றுவித்த, சியாட்டிலிலுள்ள வாஷிங்டன் பல்கலைக்கழகத்தில் சேர்ந்தார். சியாட்டில் ரசிகர்கள் முதலில் அவரைக் கூச்சலிட்டு அவமதித்தார்கள். 1978 ஜனவரியில் நடந்த ரோஸ் பவுல் என்ற கல்லூரிக் கால்பந்து ஆட்டத்தில் மிச்சிகனை 27–20 என்று வென்ற அணியின் குவாட்டர்பேக் அவர்தான். அன்றைய சிறந்த ஆட்டக்காரர் விருதும் அவருக்கே கிடைத்தது.

அதற்குப் பிறகும் என்எஃப்எல் அணிகளிடமிருந்து குவாட்டர்பேக்காக எடுத்துக்கொள்வோம் என்ற உறுதி வரவில்லை. ஆகவே அணிகள் கல்லூரி ஆட்டக்காரர்களை முறைவைத்துத் தேர்ந்தெடுக்கும் டிராஃப்ட் நடப்பதற்குச் சில வாரங்கள் முன்பே எட்மன்டனோடு ஒப்பந்தம் செய்துகொண்டார். பன்னிரண்டு சுற்றுகள் கொண்ட டிராஃப்டில் அவர் பெயரை ஒருவரும் சொல்லவில்லை.

அளவுகோல்

மேலே பனிவயல் சொன்னதில் பெரும்பகுதியை ஏற்கிறேன். ஆனால் இந்தக் கதையை இனப்பாகுபாடு என்ற ஒரே சொல்லில் அடைத்துவிடுவதில் எனக்குத் தயக்கம் உண்டு. அதே 1978 டிராஃப்டில், முதல் சுற்றிலேயே, பதினேழாவது ஆளாக, டக் வில்லியம்ஸ் என்ற கறுப்பினக் குவாட்டர்பேக்கை டாம்பா பே அணி எடுத்தது. கதவு முழுக்க மூடியிருந்தது என்றால் அவர் எப்படி உள்ளே போனார்? மேலும், கனடாவோடு முன்கூட்டியே ஒப்பந்தம் செய்துகொண்ட ஒருவர் மீது டிராஃப்ட் வாய்ப்பைச் செலவழிக்க எந்த அணி முன்வரும்? பெயர் சொல்லப்படாமல் போனதில் அந்த ஒப்பந்தத்துக்கும் பங்கு உண்டு.

பனிவயல்

ஒப்பந்தத்துக்குப் பங்கு உண்டு, மறுக்கவில்லை. ஆனால் ஒப்பந்தம் ஏன் வந்தது என்பதைத்தான் முன் பதிவில் சொன்னேன்.

டக் வில்லியம்ஸைப் பற்றிச் சொன்னீர்கள். அவர் உள்ளே போன பிறகு நடந்ததையும் சேர்த்துப் பார்க்க வேண்டும். டாம்பாவின் முதன்மைக் குவாட்டர்பேக்காக ஆடி, அணியைப் பிளேஆஃப் (பருவ முடிவில் நடக்கும் வெளியேற்றுச் சுற்றுகள்) வரை கொண்டுபோன அவருக்கு ஆண்டுக்கு 1,20,000 டாலர் ஊதியம். வேறு அணிகளில் மாற்று ஆட்டக்காரர்களாக உட்கார்ந்திருந்தவர்கள் சிலர் அதைவிட மிகுதியாகப் பெற்றார்கள். 1982 பருவத்துக்குப் பின் ஊதியப் பேச்சு முறிந்து, அவர் யுஎஸ்எஃப்எல் என்ற போட்டி லீகுக்குப் போனார். திரும்பி வந்து 1988 ஜனவரியில் வாஷிங்டன் அணிக்காக என்எஃப்எல்-இன் இறுதி ஆட்டமான சூப்பர் பவுலை வென்றது பிற்பாடு நடந்த கதை.

அவருக்கு முந்தியவர்களையும் பாருங்கள். 1968-இல் டென்வர் அணிக்காகக் குவாட்டர்பேக்காக ஆடி, முதல் பருவத்திலேயே 14 டச்டவுன்கள் (எதிரணியின் எல்லைக்குள் பந்தைச் சேர்த்துப் புள்ளி பெறுவது) எறிந்த மார்லின் பிரிஸ்கோ, அடுத்த ஆண்டே பஃபலோவில் பந்து பிடிப்பவராக மாற வேண்டியிருந்தது. டொலிடோ பல்கலைக்கழகத்தில் தாம் தொடங்கிய 35 ஆட்டங்களில் ஒன்றில்கூடத் தோற்காத சக் ஈலி, குவாட்டர்பேக்காக மட்டுமே ஆடுவேன் என்று சொன்னார். 1972 டிராஃப்டில் அவரையும் ஒருவரும் எடுக்கவில்லை. அவர் கனடாவின் ஹாமில்டனுக்கு வந்து, அந்த ஆண்டே கனடா லீகின் உச்சப் பரிசான கிரே கோப்பையை வென்று கொடுத்தார். மூன் வடக்கே வந்தபோது ஏற்கெனவே அந்த வழியில் ஒற்றையடித்தடம் பதிந்திருந்தது.

கணக்குப்பிள்ளை

எண்களைப் பற்றிய இழையில் எண்கள் குறைவாக இருப்பதால் சிலவற்றைச் சேர்க்கிறேன்.

கனடாவில் மூன்று டவுன்கள் என்பதால் நடைமுறையில் இரண்டு முயற்சிகள்தான் கையில் இருக்கும். மூன்றாவதில் பெரும்பாலும் பந்தை உதைத்து எதிரணியிடம் அனுப்பிவிடுவார்கள். இரண்டு முயற்சியில் பத்து கெஜம் ஓடி எடுப்பது கடினம். ஆகவே எறிந்தே தீர வேண்டும். தவிர, ஒவ்வொரு முயற்சியும் தொடங்கும் முன்பே, பந்து பிடிப்பவர்கள் தொடக்கக் கோட்டை நோக்கி முன்னோக்கி ஓடிவர அங்கே விதி இடம் தருகிறது. தற்காப்பவன் நின்ற இடத்திலிருந்து திரும்பி ஓடும்போது, இவன் ஏற்கெனவே வேகமெடுத்து வந்துகொண்டிருப்பான். சேந்தன் சொல்லும் ‘வேறோர் ஆட்டம்’ என்பதில் உள்ள நியாயம் இதுதான். மைதானத்தின் அளவைவிட இது முக்கியம்.

ஆனால் எதிர்ப்பக்கம் ஒன்றும் உண்டு. அந்த ஆண்டுகளில் கனடாவிலும் பருவத்துக்கு 16 ஆட்டங்கள்தான். ஆகவே ஆட்டங்களின் எண்ணிக்கையால் எண்கள் வீங்கிவிட்டன என்று சொல்ல முடியாது. 1982-இல் மூன் சரியாக 5,000 கெஜங்கள் எறிந்தார். தொழில்முறைக் கால்பந்தில் ஒரு பருவத்தில் அந்த எல்லையைத் தொட்ட முதல் ஆள் அவர். மறுபருவத்தில் 5,648. எறிவுக்கு அவ்வளவு இடம் தரும் அந்த லீகிலும் அவருக்கு முன்பு எவரும் அதைச் செய்திருக்கவில்லை. என்எஃப்எல்-இல் டான் மரினோ 5,084 கெஜங்களோடு அதைக் கடந்தது 1984-இல்.

இனி, சேந்தன் விரும்பக்கூடிய கணக்கு ஒன்று. கனடா கெஜங்களையும் சேர்த்து எண்ணுவதென்றால், அந்தப் பட்டியலில் மூனுக்கு மேலே ஆந்தனி கல்வில்லோ 79,816 கெஜங்களோடும் டேமன் ஆலன் 72,381 கெஜங்களோடும் நிற்கிறார்கள். இருவரும் தம் கெஜங்கள் முழுவதையும் சிஎஃப்எல்-இலேயே சேர்த்தவர்கள். கூட்டுத்தொகைதான் பெருமை என்றால் இவ்விருவரையும் மூனைவிடப் பெரியவர்கள் என்று ஒப்புக்கொள்ள வேண்டும். மூனுக்காக 70,553 என்று முழங்குபவர்களில் எத்தனை பேர் ஆலனின் பெயரைச் சொல்கிறார்கள்?

பனிவயல்

நான் சொல்வேன். டேமன் ஆலனும் எட்மன்டனில் தொடங்கியவர்தான்.

சேந்தன்

கணக்குப்பிள்ளை அவர்களுக்கு நன்றி. ஆலனையும் கல்வில்லோவையும் பற்றிய குறிப்பு நான் சொல்ல நினைத்து வழியறியாமல் தடுமாறியதைச் சொல்லிவிட்டது. கூட்டுத்தொகையை மூனுக்கு மட்டும் பயன்படுத்துகிறோம், மற்றவர்களுக்குப் பயன்படுத்துவதில்லை; ஆகவே அது புள்ளிவிவரமாக அல்ல, இழப்பீடாக வழங்கப்படுகிறது.

இன்னொன்றும் கேட்க வேண்டும். 1978 முதல் 1982 வரை எட்மன்டன் தொடர்ந்து வென்ற ஐந்து கிரே கோப்பைகள் என்பதை மூனின் கணக்கில் முழுமையாக எழுதுவது எவ்வளவு சரி?

அளவுகோல்

முழுமையாக எழுத முடியாது. தொடக்க ஆண்டுகளில் எட்மன்டனின் முதன்மைக் குவாட்டர்பேக் டாம் வில்கின்சன். மூன் அவரோடு ஆட்டத்தைப் பங்கிட்டுக்கொண்டு, சிறுகச் சிறுகப் பொறுப்பை ஏற்றார். பயிற்சியாளர் ஹியூ கேம்பெல் அவசரப்படவில்லை. 21 வயது இளைஞனை உடனே களத்தில் தள்ளிக் கெடுக்காமல் பழக்கினார் என்பது அவருக்குரிய பெருமை. 1980, 1982 இறுதி ஆட்டங்களில் சிறந்த ஆட்டக்காரர் விருது மூனுக்குக் கிடைத்தது. அந்த இரண்டையும் அவர் பெயரில் எழுதத் தடையில்லை.

1981 இறுதி ஆட்டம்தான் சுவையானது. மான்ட்ரியலில் நடந்தது. எட்மன்டன் அந்தப் பருவத்தில் 14 வெற்றி, ஒரு தோல்வி, ஒரு சமன். எதிர்த்து வந்த ஒட்டாவாவோ 5 வெற்றி, 11 தோல்வி. எலியும் யானையும் என்று எல்லாரும் நினைத்திருக்க, இடைவேளையின்போது ஒட்டாவா 20–1 என்று முன்னிலையில் இருந்தது. மூன் வெளியே எடுக்கப்பட்டு வில்கின்சன் உள்ளே வந்தார். இரண்டாம் பாதியில் மூன் திரும்பி வந்து, தாமே பந்தோடு இரண்டு முறை கோட்டைக் கடந்தார். கடைசி நொடிகளில் டேவ் கட்லர் உதைத்த பந்து 26–23 என்று முடித்து வைத்தது. அந்தக் கோப்பையை யார் பெயரில் எழுதுவது என்பதை நீங்களே முடிவு செய்யுங்கள்.

ஆய்லர் பழையவன்

கனடாவையே சுற்றிச் சுற்றி வருகிறீர்கள், ஹூஸ்டனுக்கும் வாருங்கள். மூன் 1984-இல் ஹூஸ்டன் ஆய்லர்ஸ் அணிக்கு வந்தபோது அவருக்கு வயது 27. பல அணிகள் அவருக்காகப் போட்டியிட்டன. ஆறு ஆண்டுகளுக்கு முன் ஒருவரும் கேட்காத ஆளுக்கு அப்போது ஏலம் நடந்தது. கேம்பெலை ஆய்லர்ஸ் தலைமைப் பயிற்சியாளராக எடுத்திருந்தது அவர் ஹூஸ்டனைத் தேர்ந்ததற்கு ஒரு காரணம். ஆனால் முதல் பருவத்தில் 3 வெற்றி, 13 தோல்வி. கேம்பெல் இரண்டாம் பருவம் முடியும் முன்பே நீக்கப்பட்டார். 1986-இல் மூன் எறிந்தவை 13 டச்டவுன்கள். எதிரணி பறித்த எறிவுகள் 26. அந்த ஆண்டோடு நிறுத்தியிருந்தால், ‘கனடாவில் வென்றவர், இங்கே எடுபடவில்லை’ என்ற ஒரு வரியோடு அவர் பெயர் முடிந்திருக்கும்.

அப்படி முடியவில்லை என்பதற்குக் காரணம், சேந்தன் வேறோர் ஆட்டம் என்று ஒதுக்கும் கனடா ஆட்டம்தான் என்பது என் கருத்து. 1990-இல் ஜாக் பார்டி தலைமைப் பயிற்சியாளராக வந்து ‘ரன் அண்ட் ஷூட்’ முறையை முழுமையாகக் கொண்டுவந்தார். நான்கு பேர் பந்து பிடிக்க விரிந்து நிற்பார்கள். டைட் எண்ட் (எதிராளிகளைத் தடுத்து வழி திறக்கவும் பந்து பிடிக்கவும் வரிசையோரம் நிற்பவர்) கிடையாது. தற்காப்பு எப்படி நிற்கிறது என்பதைப் பார்த்துத் தாம் ஓடும் தடத்தை ஓடும்போதே மாற்றிக்கொள்வார்கள். குவாட்டர்பேக்கும் அதே நொடியில் அதையே படித்திருக்க வேண்டும். ஹேவுட் ஜெஃபைர்ஸ், ட்ரூ ஹில், எர்னஸ்ட் கிவின்ஸ், கர்டிஸ் டங்கன் ஆகிய நால்வரையும் வைத்துக்கொண்டு மூன் 1990-இல் 4,689 கெஜங்களும் 33 டச்டவுன்களும், 1991-இல் 4,690 கெஜங்களும் எறிந்தார். 1990 டிசம்பரில் கான்சஸ் சிட்டியில் ஒரே ஆட்டத்தில் 527 கெஜங்கள். 1951-இல் நார்ம் வான் பிராக்லின் எறிந்த 554-க்கு அடுத்தபடி அன்றைக்கு அதுதான். பரந்த மைதானத்தில், ஓடிக்கொண்டே இருப்பவர்களுக்கு, இரண்டே முயற்சிகளில் எறிந்து எறிந்து பழகிய கை அது. எட்மன்டனில் கற்றதைக் கழித்துவிட்டு ஹூஸ்டனில் எடுத்ததை மட்டும் எண்ணுவது, வேரை மறைத்துவிட்டு மரத்துக்கு உயரம் அளப்பது.

அளவுகோல்

அருமையாகச் சொன்னீர்கள், ஆனால் பழையவன் பஃபலோவை மறந்துவிட்டாற்போல் தெரிகிறதே?

ஆய்லர் பழையவன்

மறந்தால் நல்லது, முடியவில்லை.

1993 ஜனவரி 3. பஃபலோவுக்கு எதிரான பிளேஆஃப் முதல் சுற்று. முதல் பாதியில் மூன் நான்கு டச்டவுன்கள் எறிந்தார், ஹூஸ்டன் 28–3 என்று முன்னிலை. மூன்றாம் கால் பகுதியின் தொடக்கத்தில் பப்பா மெக்டவல் எதிரணியின் எறிவைப் பறித்து ஓடியதில் 35–3 ஆனது. பஃபலோவின் முதன்மைக் குவாட்டர்பேக் ஜிம் கெல்லி காயத்தால் ஆடவில்லை. ஃபிராங்க் ரைக் ஆடினார். அதன் பிறகு நடந்ததை எல்லாரும் அறிவர். 38–38 என்று சமனாகி, கூடுதல் நேரத்தில் மூன் எறிந்த பந்தை நேட் ஓடம்ஸ் பறித்தார். ஸ்டீவ் கிறிஸ்டியின் உதையில் பஃபலோவுக்கு 41–38 என்று வெற்றி. பிளேஆஃப் ஆட்டங்களில் 32 புள்ளிகள் பின்தங்கிய அணி வென்றது அன்று ஒருமுறைதான்.

மூன் அன்று 50 எறிவுகளில் 36-ஐச் சேர்த்து, 371 கெஜங்கள் எடுத்தார். இவ்வளவு செய்தவரைக் குற்றம் சொல்வது நியாயமா என்று பல ஆண்டுகள் வாதாடியிருக்கிறேன். இப்போது சற்று மாறிவிட்டேன். இடைவேளைக்குப் பிறகு ஹூஸ்டனின் தாக்குதல் அணி சேர்த்தது மூன்றே புள்ளிகள். ரன் அண்ட் ஷூட் முறைக்குப் பந்தைக் கையில் வைத்துக்கொண்டு நேரத்தைக் கரைக்கத் தெரியாது. பந்தோடு ஓடுபவருக்கு வழி திறந்து கொடுக்க டைட் எண்டும் இல்லை. 1990-இலும் 1991-இலும் வாரி வழங்கிய அதே முறைதான் அன்று கழுத்தை நெரித்தது. தற்காப்பு அணியின் பொறுப்பு பெரிது; மூனின் பொறுப்பும் இல்லாமலில்லை.

கணக்குப்பிள்ளை

1987 முதல் 1993 வரை ஏழு பருவங்கள் தொடர்ந்து பிளேஆஃப் போன அணி அது. ஒருமுறைகூட இரண்டாம் கட்ட ஆட்டத்தைத் தாண்டவில்லை. பிளேஆஃபில் மூனின் மொத்தக் கணக்கு 3 வெற்றி, 7 தோல்வி. கனடாவின் ஐந்து கோப்பைகளை எண்ணுபவர்கள் இதையும் எண்ண வேண்டும்.

நெய்தல்

இவ்வளவு நேரம் படித்துக்கொண்டு மட்டும் இருந்தேன். வாழ்க்கை வரலாற்றையும் பேசுகிறீர்கள் என்பதால் ஒன்றைச் சொல்லாமல் விட மனம் இல்லை. 1995-இல், அவர் மினசோட்டாவில் ஆடிக்கொண்டிருந்தபோது, மனைவியைத் தாக்கியதாக அவர் மீது வழக்குத் தொடரப்பட்டது. 1996 பிப்ரவரியில் நடுவர் குழு அவரைக் குற்றமற்றவர் என்று விடுவித்தது. மனைவி சாட்சியத்தில் அவர் பக்கமே பேசினார். பிற்பாடு இருவரும் மணமுறிவு பெற்றார்கள். தீர்ப்புக்கு மேல் நான் எதுவும் சொல்லவில்லை. ஆனால் 1989-இல் லீகின் ஆண்டு மனிதர் விருதைப் பெற்றவர் என்று எழுதும் புகழுரைகள் பல, ஆறு ஆண்டுகள் கழித்து நடந்த இதைத் தாண்டிக் குதித்துவிடுகின்றன.

சேந்தன்

சொன்னது சரி. தீர்ப்பையும் சேர்த்தே சொன்னதற்கு நன்றி.

பனிவயல்

முதுமைக் காலத்தைப் பற்றி யாரும் பேசாததால் நானே சொல்கிறேன். மினசோட்டாவில் 1994, 1995 ஆகிய இரு பருவங்களிலும் 4,200 கெஜங்களுக்கு மேல் எறிந்தார். 1997-இல் சியாட்டில் சீஹாக்ஸ் அணியில் மாற்று ஆட்டக்காரராகச் சேர்ந்து, முதன்மைக் குவாட்டர்பேக் காயமடைந்ததும் களமிறங்கி, 3,678 கெஜங்களும் 25 டச்டவுன்களும் எறிந்தார். அந்தப் பருவத்தின் நடுவில் அவருக்கு 41 வயது நிறைந்தது. பருவ முடிவில் லீகின் சிறந்த ஆட்டக்காரர்கள் ஆடிய புரோ பவுலில் சிறந்த ஆட்டக்காரர் விருதும் அவருக்கே. இருபது வயதில் தம்மைக் கூச்சலிட்டு விரட்டப் பார்த்த நகரத்தில்தான் இது நடந்தது. பிறகு கான்சஸ் சிட்டியில் இரண்டு பருவங்கள் பெரும்பாலும் உட்கார்ந்திருந்துவிட்டு, 44-ஆம் வயதில் ஓய்வு பெற்றார்.

அளவுகோல் அவர்களுக்கு ஒரு கேள்வி. 27 வயதில் என்எஃப்எல்-க்குள் நுழைந்தவர் 49,325 கெஜங்கள் எடுத்து, ஓய்வு பெறும்போது மரினோவுக்கும் ஜான் எல்வேக்கும் அடுத்து மூன்றாம் இடத்தில் இருந்தார். 21 வயதில் நுழைந்திருந்தால்?

அளவுகோல்

அதைத்தான் நான் ஏற்க மறுக்கிறேன். 21 வயதில் நுழைந்திருந்தால், பொறுமையற்ற ஒரு பயிற்சியாளரிடம் சிக்கி, மூன்றாம் ஆண்டில் வேலை இழந்திருக்கவும் கூடும். பிரிஸ்கோவுக்கு நேர்ந்ததை நீங்களே எழுதினீர்கள். கேம்பெலும் வில்கின்சனும் கொடுத்த ஐந்தாறு ஆண்டுகள் இழப்பா, பேறா என்று எனக்கே தெளிவில்லை. இரண்டும் சேர்ந்தவையாக இருக்கலாம். அநியாயத்தால் போன இடத்தில் நல்ல ஆசான் கிடைத்தால், அநியாயம் குறைந்துவிடாது, ஆசானும் பொய்யாகிவிடமாட்டார்.

சேந்தன்

என் நிலை மாறியிருக்கிறதா என்று தனிமடலில் ஒருவர் கேட்டார். பாதி மாறியிருக்கிறது. 70,553 என்று கூட்டி எழுதுவதை இப்போதும் ஏற்க மாட்டேன். கூட்டினால் கனடா ஆண்டுகள் அந்த எண்ணுக்குள் கரைந்து காணாமல் போகின்றன; மூன் எங்கே, ஏன், யாரிடம் ஆடினார் என்று எவரும் கேட்பதில்லை. 21,228, எட்மன்டன், 49,325, என்எஃப்எல், இரண்டு வரிகளாக, ஒன்றன்கீழ் ஒன்றாக எழுத வேண்டும். பழையவன் சொன்னதுபோல் இரண்டாவது வரி முதலாவதிலிருந்து முளைத்தது என்பதும் அப்போதுதான் தெரியும். புகழ்மண்டபங்கள் இதை எங்களைவிட நன்றாகச் செய்திருக்கின்றன: 2001-இல் கனடாவின் மண்டபம், 2006-இல் ஒஹையோவின் கேன்டன் நகரிலுள்ள மண்டபம். கேன்டனில் இடம்பெற்ற முதல் கறுப்பினக் குவாட்டர்பேக் அவர். தகுதி பெற்ற முதல் ஆண்டிலேயே தேர்ந்தெடுத்தார்கள்.

கணக்குப்பிள்ளை

கேன்டன் அவரை ஏற்ற அதே 2006-இல்தான் டேமன் ஆலன் 70,553-ஐக் கடந்தார். சும்மா சொல்லி வைத்தேன்.

ஆய்லர் பழையவன்

கடைசியாக ஒரு சிறு எண். ஹூஸ்டன் ஆய்லர்ஸ் டென்னசிக்கு இடம்பெயர்ந்து டைட்டன்ஸ் ஆன பிறகு, மூன் அணிந்த 1 என்ற சட்டை எண்ணை இனி எவருக்கும் தருவதில்லை என்று 2006-இல் ஓய்வு கொடுத்தார்கள். 2025 டிராஃப்டில் முதல் ஆளாக டைட்டன்ஸ் எடுத்த குவாட்டர்பேக் கேம் வார்டு, கறுப்பினத்தவர், பள்ளி முடித்தபோது பெரிய கல்லூரிகள் எதுவும் அவரைப் பொருட்படுத்தவில்லை. அவர் 1-ஆம் எண்ணை விரும்பினார். மூன் சம்மதித்தார். இப்போது வார்டு அதை அணிந்து ஆடுகிறார்.